ஓடிக்கொண்டிருந்த பேண்டைக் கலைத்தவர்: ராபர்ட் ஃப்ரிப்பின் தொழில் வாழ்க்கை, ஒரு நிகழ்வு ஆய்வு

1974 செப்டம்பர் கடைசியில் கிங் கிரிம்ஸன் என்ற பிரிட்டிஷ் ராக் குழு கலைக்கப்பட்டது. கலைத்தவர் அதன் கிட்டார் கலைஞர் ராபர்ட் ஃப்ரிப். அப்போது அவருக்கு வயது 28. அமெரிக்கச் சுற்றுப்பயணம் முடிந்து மூன்று மாதம் ஆகவில்லை. 'ரெட்' என்ற புது ஆல்பம் பதிவாகி முடிந்து, கடைக்கு வர இரண்டு வாரம்தான் பாக்கி. முதல் ஆண்டிலேயே பிரிந்துபோயிருந்த இயான் மெக்டொனால்ட் அந்த ஆல்பத்தில் விருந்தாளியாக வந்து சாக்ஸபோன் வாசித்திருந்தார். அவர் திரும்பச் சேரப்போவதாகவும் பேச்சு இருந்தது. எல்லாம் கூடி வந்த நேரத்தில் மனிதர் கடையைச் சாத்தினார்.

சாத்தியவர் ஏழு ஆண்டு கழித்துத் திறந்தார். பிறகு மறுபடி சாத்தினார், மறுபடி திறந்தார். 1969இல் தொடங்கிய அந்தப் பெயரின் கடைசிக் கச்சேரி 2021 டிசம்பர் 8ஆம் தேதி டோக்கியோவில் நடந்தது. இடைப்பட்ட அரை நூற்றாண்டில் 13 ஸ்டூடியோ ஆல்பங்கள். உள்ளே வந்து போன கலைஞர்கள் இருபதுக்கு மேல். முதல் நாளில் இருந்து கடைசி நாள் வரை இருந்தவர் ஒரே ஒருவர்.

நாகர்கோவிலில் நாங்கள் சிலர் மாதம் ஒருமுறை கூடுவோம். சர்ச்சில் கீபோர்டு வாசிப்பவர், மெல்லிசைக் குழுவில் பேஸ் கிட்டார் வாசிப்பவர், ஓய்வுபெற்ற பாடகர் குழு வாத்தியார், இன்னும் இரண்டு மூன்று பேர். ஒரு இசைக்காரரின் தொழில் வாழ்க்கையை எடுத்து, அவர் எங்கே எந்த முடிவை ஏன் எடுத்தார் என்று பிரித்துப் பார்ப்பது வழக்கம். பாட்டு நன்றாக இருக்கிறதா என்பது இரண்டாம் கேள்வி. இந்த முறை ஃப்ரிப்பை எடுத்தது நான். அங்கே பேசியதையும், பேசும்போது விட்டுப்போனதையும் சேர்த்து எழுதுகிறேன்.

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஃப்ரிப் இத்தனை காலம் தாக்குப்பிடித்ததற்கு அவர் விரல் மட்டும் காரணம் இல்லை. நிறுத்தத் தெரிந்திருந்தது. நிறுத்திய பின் திரும்பி வர, தன் பேரில் ஏதாவது சொத்து வேண்டும் என்பதும் புரிந்தது. முதலாவது அவருக்கு இளமையிலேயே வந்துவிட்டது. இரண்டாவதற்கு நடுவயதாகி, வழக்கும் வம்பும் வேண்டியிருந்தது.

பின்னணி

1946 மே 16இல் இங்கிலாந்தின் டார்செட் பகுதியில் விம்போர்ன் என்ற சின்ன ஊரில் பிறந்தவர். அப்பாவுக்கு வீடு, மனை வாங்கி விற்றுக்கொடுக்கும் தொழில். மகனும் சில காலம் அந்த அலுவலகத்தில் வேலை பார்த்தார். பத்திரம், வாடகை, கமிஷன் என்று கணக்குப் பார்த்த அந்தப் பழக்கத்தைப் பின்னால் வரும் ஒப்பந்தச் சண்டைகளோடு சேர்த்துப் பார்த்தால் சுவையாக இருக்கும். பதினொரு வயதில் கிட்டார் கைக்கு வந்தது. இடக்கைப் பழக்கக்காரர், ஆனால் வலக்கைக்காரரைப் போலவே வாசிக்கக் கற்றார். தனக்குச் சுர ஞானமும் கிடையாது, தாள ஞானமும் கிடையாது என்று தொடக்க காலத்தைப் பற்றி அவரே சொல்லியிருக்கிறார். மேடையில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்துதான் வாசிப்பார். ராக் கிட்டார்காரர்கள் குதித்துக்கொண்டிருந்த காலத்தில் அது பெரிய அதிசயம்.

1967இல் ஜைல்ஸ் சகோதரர்கள் இருவரோடு சேர்ந்து 'ஜைல்ஸ், ஜைல்ஸ் அண்ட் ஃப்ரிப்' என்று ஒரு குழு. அடுத்த ஆண்டு ஓர் ஆல்பம் வந்தது. விற்கவில்லை. அதைப் பற்றி இதற்கு மேல் சொல்ல ஒன்றும் இல்லை.

1969: முதல் வெற்றி, முதல் உடைப்பு

கிங் கிரிம்ஸன் முதல் ஒத்திகைக்கு உட்கார்ந்தது 1969 ஜனவரி 13. ஜூலை 5இல் லண்டன் ஹைட் பார்க்கில் ரோலிங் ஸ்டோன்ஸ் நடத்திய இலவசக் கச்சேரியில் முன்னால் வாசிக்க வாய்ப்பு. லட்சக்கணக்கில் கூட்டம். ஆறு மாதக் குழந்தை அந்தக் கூட்டத்தின் முன் போய் நின்றது. அக்டோபர் 10இல் முதல் ஆல்பம், 'இன் தி கோர்ட் ஆஃப் தி கிரிம்ஸன் கிங்'. வெளியில் இருந்து ஒரு தயாரிப்பாளரை வைத்துப் பார்த்து, சரிப்படாமல், குழுவே தயாரித்தது. விற்பனைப் பட்டியலில் பிரிட்டனில் ஐந்தாம் இடம், அமெரிக்காவில் 28ஆம் இடம்.

ப்ரோக்ரஸிவ் ராக் என்பது அந்தச் சமயத்தில் பிரிட்டனில் தழைத்த ஒரு போக்கு. மூன்று நிமிடப் பாட்டு என்ற அளவை உடைத்துப் பத்து, இருபது நிமிடத்துக்கு நீட்டுவார்கள். ஒரே பாட்டுக்குள் பல பகுதிகள் வரும். நாலு எண்ணிக்கையில் நிற்காமல் 5, 7, 11, 13 என்று தாளம் மாறும். ஜாஸும் மேற்கத்திய செவ்வியல் இசையும் உள்ளே புகும். கிரிம்ஸனின் முதல் ஆல்பம் அந்தப் போக்கின் வாசல் என்று சொல்லலாம். கோயில் கொடையில் விடிய விடிய வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவருக்கு இந்த நீளம் ஒன்றும் பெரிதல்ல. ஒரு கதை இரவெல்லாம் நடக்கும். வலப்பக்கம் அண்ணாவி பாட, இடப்பக்கம் வாங்கிப் பாட, உடுக்கும் குடமும் வேகத்தை ஏற்றி இறக்கும். எங்கள் கூட்டத்தில் இந்த நீளத்தைக் கண்டு மலைத்தது சினிமாப் பாட்டு மட்டுமே வாசித்த இளைஞர்கள்தான். வாத்தியார் மலைக்கவில்லை.

உடைந்த கதைக்கு வருவோம். டிசம்பரில் அமெரிக்கச் சுற்றுப்பயணத்தின் நடுவிலேயே இயான் மெக்டொனால்டும் டிரம்மர் மைக்கேல் ஜைல்ஸும் விலகுவதாகச் சொல்லிவிட்டார்கள். பாடல்களில் பெரும்பங்கு மெக்டொனால்டுடையது. ஃப்ரிப் என்ன செய்தார்? நான் போய்விடுகிறேன், நீங்கள் இருங்கள் என்றார். அவர்கள் ஒப்பவில்லை. அடுத்த ஆண்டு பாடகர் கிரெக் லேக்கும் போனார். எமர்ஸன், லேக் அண்ட் பாமர் என்ற குழுவில் சேர்ந்து, கிரிம்ஸனைவிடப் பல மடங்கு சம்பாதித்தார்.

'நான் போகிறேன்' என்ற அந்தப் பேச்சை இந்த நிகழ்வின் முதல் திருப்பமாக வைக்கிறேன். குழு என்பது ஆட்களின் கூட்டு இல்லை, ஒரு வேலைமுறை. அதைக் காப்பாற்ற வேண்டுமானால் தானும் விலகலாம் என்ற எண்ணம் 23 வயதிலேயே அவரிடம் இருந்திருக்கிறது. பின்னால் மற்றவர்களை விலக்கியபோதும் இதே எண்ணம்தான் வேலை செய்தது.

அடுத்த இரண்டு ஆண்டு தடுமாற்றம். மூன்று ஆல்பம் வந்தன, ஆட்கள் மாறிக்கொண்டே இருந்தார்கள். பேஸ் வாசிக்க ஆள் கிடைக்காமல், பாட வந்த போஸ் பர்ரெல்லுக்கே ஃப்ரிப் பேஸ் சொல்லிக்கொடுத்து மேடை ஏற்றினார். அவர் பிறகு பேட் கம்பெனி குழுவில் பேஸ் வாசித்துப் புகழ் பெற்றது தனிக் கதை.

1972 முதல் 1974 வரை: மேடையில் இசையமைத்தது

எனக்கு மிகவும் பிடித்த காலம் இது. கொஞ்சம் நின்று சொல்கிறேன்.

யெஸ் குழு உச்சத்தில் இருந்தபோது அதன் டிரம்மர் பில் ப்ரூஃபோர்டு அதை விட்டு இங்கே வந்தார். பேஸும் குரலும் ஜான் வெட்டன். வயலின் டேவிட் க்ராஸ். தட்டு, சங்கிலி, தகரம் என்று கையில் கிடைத்ததை எல்லாம் தாளமாக்கும் ஜேமி மியூர். மியூர் ஓர் ஆல்பத்தோடு விலகி ஸ்காட்லாந்தில் இருந்த பௌத்த மடத்துக்குப் போய்விட்டார். மீதிப் பேர் ஊர் ஊராக மேடை ஏறி, முன்கூட்டி எழுதாததை வாசித்தார்கள். 'ரெட்'டுக்கு முன் 1974இல் வந்த ஆல்பத்தில் பெரும்பகுதி ஸ்டூடியோவில் பிறந்ததே இல்லை. கச்சேரியில் வாசித்ததைப் பதிவு செய்து, கைத்தட்டலை நீக்கி, ஸ்டூடியோ ஆல்பம் போலவே கொடுத்துவிட்டார்கள். கேட்டவர் பலருக்கு வித்தியாசம் தெரியவில்லை.

'ரெட்' ஆல்பத்தின் கடைசிப் பாட்டு 'ஸ்டார்லெஸ்'. பன்னிரண்டு நிமிடம். முதல் நாலு நிமிடம் மெலடி, வெட்டன் பாடுவார். அப்புறம் பேஸ் மட்டும் 13 எண்ணிக்கையில் ஒரு சுற்றைத் தொடங்கும். அதன்மேல் ஃப்ரிப் ஒரே சுரத்தை இரண்டு கம்பிகளில் மாற்றி மாற்றித் தட்டுவார். வெறும் ஒரு சுரம். அது மெதுவாக ஏறும். ப்ரூஃபோர்டு முதலில் எதையோ தேடுவது போல அங்கங்கே தட்டி, போகப் போக அடர்த்தியாக்குவார். கடைசியில் எல்லாம் உடைந்து இரட்டை வேகத்தில் ஓடும்.

இதைப் போட்டுக் காட்டியபோது மார்த்தாண்டம் பக்கத்தில் இருந்து வரும் கீபோர்டு தம்பி, "அண்ணே, எண்ணிப் பாத்தேன், பிடி கிட்டல்ல" என்றான். வாத்தியார்தான் அவனுக்கு வழி சொன்னார். "லேய், உங்க பக்கம் கோயில்ல செண்டை மேளம் கேட்டிருப்பியே. பஞ்சாரி எப்படிப் போவும்?" பஞ்சாரி மேளத்தில் முதல் காலத்துக்கு 96 அட்சரம். அடுத்தது 48, அப்புறம் 24, 12, கடைசியில் 6. சுற்று பாதி பாதியாகக் குறுகும்; வேகம் ஏறும்; முதல் காலத்தில் சும்மா நின்ற கூட்டம் ஐந்தாம் காலத்தில் கையை வீசும். 'ஸ்டார்லெஸ்' இதே கணக்கில் போவது இல்லை. ஆனால் பொறுமையைக் கேட்டு வாங்கி, வட்டியோடு திருப்பித் தரும் வித்தை இரண்டுக்கும் பொது. தம்பி வீட்டுக்குப் போய் மறுபடி கேட்டுவிட்டு, பதின்மூன்றை ஆறும் ஏழுமாகப் பிரித்தால் பிடிபடுகிறது என்று செய்தி அனுப்பினான்.

அப்பேர்ப்பட்ட குழுவைத்தான் கலைத்தார். பெரிய குழு, பெரிய லாரி, பெரிய அரங்கம் என்று வீங்கிய ராக் தொழில் தாங்காது, சிறியதாக, நகரக்கூடியதாக இருப்பதே பிழைக்கும் என்பது அவர் வாதம். அடுத்த சில ஆண்டுகளில் எளிமையும் முரட்டுத்தனமுமான பங்க் இசை வந்து வீங்கியவற்றை ஒதுக்கியதைப் பார்த்தால் அவர் கணிப்பு பிழையில்லை. ஆனாலும் வெட்டன் பக்கம் இருந்து பார்க்க வேண்டும். குழு தன் உச்சத்தைத் தொடும் நேரத்தில் வேலை போயிற்று. அந்தக் கோபம் நியாயமானது. வெட்டன் பிறகு ஏசியா குழுவில் பாடினார். அதன் முதல் ஆல்பம் 1982இல் அமெரிக்காவில் முதலிடத்தில் வாரக்கணக்கில் இருந்தது. ஃப்ரிப்பைவிட்டுப் போனவர்களில் லேக்கும் வெட்டனும் சந்தையில் அவரைத் தாண்டியவர்கள். இதை மறைத்துவிட்டு ஃப்ரிப்பைக் கொண்டாடுவதில் எனக்கு உடன்பாடு இல்லை.

இரண்டு டேப் மெஷின்

கலைத்துவிட்டு என்ன செய்தார்? இங்கிலாந்தின் ஷெர்போர்ன் ஹவுஸில் ஜே. ஜி. பென்னட் நிறுவிய கல்விக்கூடத்தில் பத்து மாதப் படிப்பில் சேர்ந்தார். பென்னட், குர்ஜீஃப் என்ற ஆன்மிக ஆசானின் மாணவர். கவனம், உடலுழைப்பு, ஒழுங்கு ஆகியவைதான் அங்கே பாடம். கிட்டாரை விட்டேவிட்டார் என்று ஊர் நினைத்தது.

உண்மையில் அடுத்த கட்டத்துக்கான கருவி ஏற்கெனவே அவர் கையில் இருந்தது. 1972 செப்டம்பரில், கிரிம்ஸனின் புது அணி உருவான அதே சமயத்தில், இசைக் கலைஞர் ப்ரையன் ஈனோவின் வீட்டுக்குப் போய் ஒரு மாலையில் ஒரு பதிவு செய்திருந்தார். இரண்டு ரீவாக்ஸ் டேப் மெஷின்கள் பக்கத்தில் பக்கத்தில். முதல் மெஷினில் இருந்து புறப்படும் டேப் அங்கே பதிவாகி, இரண்டாம் மெஷினுக்குப் போய்ச் சுற்றும். முதலாவதில் பதிந்தது சில விநாடி கழித்து இரண்டாவதில் ஒலிக்கும். அந்த ஒலியைத் திரும்ப முதல் மெஷினுக்கே அனுப்பினால், பழைய வாசிப்பின் மேல் புது வாசிப்பு ஏறும். மெஷின்களுக்கு இடையே உள்ள தூரம்தான் தாமதத்தின் அளவு. இந்த உத்தியை அமெரிக்காவில் டெர்ரி ரைலியும் பாலின் ஒலிவெரோஸும் முன்பே கையாண்டிருக்கிறார்கள். ஃப்ரிப் அதை ஒற்றை ஆள் கச்சேரியாக்கினார். ஃப்ரிப்பர்ட்ரானிக்ஸ் என்று பெயரும் வந்தது.

இன்று ஒரு லூப் பெடல் வாங்கி மிதித்தால் இதே வேலை நடக்கிறது. மண்டபக் கச்சேரிகளில் கிட்டார்காரர்கள் மிதிக்கிறார்கள்; எங்கிருந்து வந்தது என்று கேட்டால் யூட்யூபில் இருந்து என்பார்கள். ஒரு வேறுபாடு உண்டு. பெடலில் பிடித்தது மாறாமல் சுற்றும். டேப்பில் சுற்றச் சுற்ற ஒலி தேயும், மங்கும், பின்னால் போகும். தேய்வையும் சேர்த்துத்தான் அவர் இசையமைத்தார். ஈனோவோடு செய்த அந்த முதல் ஆல்பத்தை பிபிசி வானொலியில் ஜான் பீல் ஒருமுறை டேப்பைத் தலைகீழாகப் போட்டு ஒலிபரப்பியதாகவும், கண்டுபிடித்துப் போன் செய்தவர் ஈனோ ஒருவரே என்றும் ஒரு கதை உண்டு. பிற்காலக் குறுந்தகட்டுப் பதிப்பில் தலைகீழ் வடிவத்தையும் சேர்த்தே போட்டுவிட்டார்கள்.

1977இல் ஈனோ கூப்பிட்டார். பாடகர் டேவிட் போவி பெர்லினில் ஹன்ஸா ஸ்டூடியோவில் 'ஹீரோஸ்' ஆல்பம் பதிவு செய்துகொண்டிருந்தார். ஃப்ரிப் விமானம் ஏறிப் போய், பயணக் களைப்போடு வாசித்தார். கிட்டார் ஒலி ஸ்பீக்கரில் இருந்து திரும்பக் கம்பிக்கே வந்து ஊளையிடுமே, அந்த ஃபீட்பேக்கை நாம் சவுண்டுக்காரரைத் திட்டி நிறுத்துவோம். அவர் அதைச் சுரமாக்கினார். ஸ்பீக்கரில் இருந்து எவ்வளவு தூரத்தில் நின்றால் எந்தச் சுரம் நிற்கும் என்று பார்த்துத் தரையில் டேப் ஒட்டி அடையாளம் வைத்துக்கொண்டு, அந்தந்த இடத்துக்கு நகர்ந்து நகர்ந்து வாசித்தார். மூன்று முறை வாசித்ததை மூன்றையும் ஒன்றாகக் கலந்தார்கள். அந்தப் பாட்டில் பின்னால் நீண்டு மிதக்கும் ஒலி அதுதான். உலகம் முழுக்கக் கேட்ட ஃப்ரிப் இதுவே. கேட்டவர் பலருக்கு அவர் பெயர் தெரியாது.

1979இல் டேப் மெஷின்களைத் தூக்கிக்கொண்டு இசைத்தட்டுக் கடை, உணவகம் என்று சின்னச் சின்ன இடங்களில் வாசித்தார். லட்சம் பேர் முன் வாசித்தவர், கடைக்குள் நாற்பது ஐம்பது பேர் உட்காரும் இடத்தில் வாசிப்பதை இறக்கமாக எண்ணவில்லை. எங்கள் கூட்டத்தில் இதைத்தான் யாராலும் செரிக்க முடியவில்லை.

1981: பின்னிய கிட்டார்கள்

புதிய நால்வர்: ஃப்ரிப், ப்ரூஃபோர்டு, அமெரிக்கர்களான ஏட்ரியன் பெலூ, டோனி லெவின். முதலில் 'டிசிப்ளின்' என்ற பெயரில் மேடை ஏறி, பிறகுதான் கிங் கிரிம்ஸன் பெயரை எடுத்தார்கள். பழைய பாட்டுகளை நம்பவில்லை. பழைய ஆல்பங்களில் ஒலித்த மெல்லட்ரான் என்ற கீபோர்டு இல்லை, வயலின் இல்லை. இந்தோனேசியாவின் ஜாவா தீவு கமெலான் இசையில் பல வாத்தியங்கள் ஒன்றின் இடைவெளியில் மற்றொன்று புகுவதுபோல, இரண்டு கிட்டார்கள் பின்னிக்கொள்ளும்.

கணக்கு சுலபம். இருவரும் 14 சுரம் கொண்ட ஒரு சுற்றைச் சேர்ந்து தொடங்குவார்கள். ஒருவர் ஒரு சுரத்தை விட்டுவிட்டு 13ஆகச் சுற்றுவார். ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு சுரம் முந்தி முந்தி விலகும். கணக்குப்படி முழுதாக ஓடவிட்டால் 182ஆவது சுரத்தில் இரண்டும் ஒன்று கூடும். 'ஃப்ரேம் பை ஃப்ரேம்' பாட்டில் இந்த விலகல் தெளிவாகக் கேட்கும். மிருதங்கமோ தவிலோ கற்றவருக்கு இது விரல்விட்டு எண்ணும் வேலை. அவர்கள் எடுத்துப் பார்த்தால் ராக்காரர்களைவிடச் சுகமாக வாசிப்பார்கள் என்பது என் துணிபு.

மூன்று ஆல்பம், மூன்று ஆண்டு. 1984இல் மறுபடி சாத்தல்.

அடுத்த ஆண்டு அமெரிக்காவின் மேற்கு வர்ஜீனியாவில் கிளேமான்ட் என்ற இடத்தில் கிட்டார் கிராஃப்ட் என்று வகுப்பு தொடங்கினார். இதில் ஒரு நுட்பம். வழக்கமான ஈ, ஏ, டி, ஜி, பி, ஈ சுருதியை மாற்றி, சி, ஜி, டி, ஏ, ஈ, ஜி என்று கம்பிகளைக் கூட்டச் சொன்னார். கீழ் ஐந்து கம்பிகளும் வயலினைப்போல ஐந்து சுர இடைவெளியில் நிற்கும். இருபது வருடம் வாசித்தவரும் வந்து உட்கார்ந்தால் விரலுக்குப் பழகிய கார்டு ஒன்றும் வராது. எல்லாரும் முதல் நாள் மாணவர். பழக்கத்தில் ஓடும் கையை நிறுத்த இதைவிடக் குறுக்குவழி கிடையாது. பின்னால் கிரிம்ஸனில் சேர்ந்த ட்ரே கன் அங்கிருந்து வந்தவர். கலிபோர்னியா கிட்டார் ட்ரியோவும் அந்த வகுப்பின் பிள்ளைகளே.

உரிமை

இனிச் சொல்வதுதான் நம் ஊருக்கு மிக அவசியம் என்று நினைக்கிறேன்.

ஃப்ரிப்பின் பழைய பதிவுகள் எல்லாம் அவரை நிர்வகித்த ஈஜி என்ற நிறுவனத்தின் வழியாக வந்தவை. 1991 தொடங்கி அந்த நிறுவனத்தோடு வழக்கு. தீர்ந்தது 1997இல். அந்த ஆண்டுகளில் அவர் கிட்டாரைவிட வக்கீல் கடிதங்களை அதிகம் பிடித்திருப்பார். வழக்கு நடக்கும்போதே, 1992இல், டேவிட் சிங்கிள்டனோடு சேர்ந்து டிஸிப்ளின் குளோபல் மொபைல் என்ற பதிவு நிறுவனத்தைத் தொடங்கினார். அதன் முதல் கொள்கை: பதிவின் உரிமை கலைஞரிடமே இருக்கும், நிறுவனம் வாங்கிக்கொள்ளாது. ஒவ்வொரு தட்டின் உறையிலும் இதை அச்சிட்டார்கள். 1998இல் சந்தாதாரர்களுக்குப் பழைய கச்சேரிப் பதிவுகளை அனுப்பும் சங்கம் ஆரம்பித்தார்கள். பிறகு அதே பதிவுகளை இணையத்தில் விற்றார்கள். 1974இல் கலைத்த குழுவின் டேப்புகள் இப்போது வருமானம் தந்தன. ரசிகர்கள் திருட்டுத்தனமாக விற்றுக்கொண்டிருந்ததை அவரே நல்ல ஒலியில் விற்றார்.

இங்கே கீபோர்டு தம்பியின் கதையைச் சொல்ல வேண்டும். குமரி மாவட்டத்தில் கிறிஸ்தவப் பாட்டு ஆல்பம் போடாத ஊர் குறைவு. மிஷனரிகள் காலத்தில் இருந்து சர்ச்சில் நாலு குரல் பாடிப் பழகிய மாவட்டம்; சோப்ரானோ, ஆல்டோ, டெனர், பேஸ் என்று வீட்டுத் திண்ணையில் சண்டை நடக்கும். தம்பி ஓர் ஆல்பத்துக்கு ஆறு பாட்டு டியூன் போட்டு, ட்ராக் அடித்து, இரண்டைப் பாடியும் கொடுத்தான். மொத்தமாக ஒரு தொகை கையில் வந்தது. பேப்பர் ஒன்றும் எழுதவில்லை. அதில் ஒரு பாட்டு கன்வென்ஷன் மேடைகளில் எல்லாம் ஓடியது. "எனக்க டியூன், எனக்க குரலு. யூட்யூபில எனக்க பேரு இல்ல அண்ணே" என்றான். தயாரித்தவரைக் குறை சொல்லிப் பயனில்லை. அவருக்கும் வழக்கம் அப்படித்தான்.

பதிப்புரிமைச் சட்டம் 2012இல் திருத்தப்பட்டது நம் ஆட்களில் பலருக்குத் தெரியாது. ஒரு பாட்டில் இரண்டு சொத்து இருக்கிறது. ஒன்று, ஒலிப்பதிவு. அது, வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால், பணம் போட்டுப் பதிவு செய்த தயாரிப்பாளருக்கு. இன்னொன்று, இசையும் வரியும். அதை எழுதியவர் அதன் பயன்பாட்டு உரிமையை விற்கலாம். ஆனால் ராயல்டியில் தன் சமபங்கைப் பெறும் உரிமையை வாரிசுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ அல்லாமல் வேறு எவருக்கும் எழுதிக்கொடுக்க முடியாது. கொடுத்தாலும் செல்லாது. சினிமா அல்லாத ஆல்பத்துக்கும் இது பொருந்தும். வசூலிக்க ஐபிஆர்எஸ் சங்கம் இருக்கிறது. அது தொடங்கியதும் 1969இல்தான், கிரிம்ஸன் பிறந்த அதே ஆண்டு. ஆனால் டியூன் உங்களுடையது என்று எங்காவது பதிந்திருந்தால்தானே சங்கம் உங்களைத் தேடும்? ஃப்ரிப் கையில் வைத்துக்கொண்டது முதல் சொத்தை. அதற்குப் பணமும் வக்கீலும் வேண்டும். இரண்டாம் சொத்துக்கு நமக்குத் தேவை ஒரு தாளும் இரண்டு கையெழுத்தும்.

கடைசிக் கட்டம்

நடுவில் நிறைய இருக்கிறது, வேகமாகப் போகிறேன். 1994இல் இரண்டு கிட்டார், இரண்டு பேஸ், இரண்டு டிரம் என்று ஆறு பேர். அது சிக்கலானதும் ஆறு பேரைச் சின்னச் சின்னக் குழுவாகப் பிரித்து ஆராய்ச்சி நடத்தினார். கடைசி ஸ்டூடியோ ஆல்பம் 2003. விண்டோஸ் விஸ்டா கணினியைத் திறந்தால் ஒலிக்கும் அந்தச் சில விநாடி இசையிலும் அவர் கிட்டார் உண்டு. 2012இல் ஒரு பெரிய நிறுவனத்தோடு ஏற்பட்ட உரிமைத் தகராறில் இசையே வேண்டாம் என்று ஓய்வை அறிவித்தார். அடுத்த ஆண்டே திரும்பினார்.

2014இல் ஏழு பேர். டிரம் மூன்று, அவை பின்னால் இல்லை, மேடையின் முன்வரிசையில். கிட்டார்காரரும் பாடகரும் பின்னால். அதுவரை பெரும்பாலும் தவிர்த்த பழைய பாட்டுகளை, 1969 முதல் எல்லாக் காலத்தையும் தொட்டு, இந்த அணி வாசித்தது. ரசிகர்கள் போன் தூக்கக் கூடாது. கடைசியில் டோனி லெவின் தன் கேமராவைக் கையில் எடுக்கும்போது மட்டும் எல்லாரும் எடுக்கலாம். நம் கல்யாண மேடையில் இந்த விதியை நினைத்துப் பார்த்துச் சிரித்தோம்.

2021க்குப் பிறகு பழைய பெயரில் யாரும் மேடை ஏறவில்லை. பெலூவும் லெவினும் கிட்டார்காரர் ஸ்டீவ் வை, டிரம்மர் டேனி கேரி ஆகியோரைச் சேர்த்துக்கொண்டு 1980களின் பாட்டுகளை 2024இல் ஊர் ஊராக வாசித்தார்கள். அந்தக் குழுவின் பெயர் 'பீட்'. பெயரைக் கொடுத்ததும் ஃப்ரிப்தான்.

எங்களுக்குள் ஒத்துவராதது

பேஸ் வாசிப்பவர் கடைசிவரை ஒப்பவில்லை. அவர் வாதம் இது: 1974இல் கலைத்தபோது ஃப்ரிப்புக்கு ஏழு ஸ்டூடியோ ஆல்பம் பின்னால் இருந்தன, பாதுகாப்பான உயரத்தில் இருந்து குதிப்பதைத் துணிச்சல் என்று சொல்லக் கூடாது. "அவருக்கு லண்டன்ல கம்பெனி இருந்துச்சு. நமக்கு ஆவணி முகூர்த்தம்தான் கம்பெனி" என்றார். இதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை. ஒரு பாதி உண்டு. 1969 டிசம்பரில் நான் விலகுகிறேன் என்றபோது அவருக்கு ஓர் ஆல்பம்தான் இருந்தது. கடைகளில் டேப் மெஷினோடு வாசித்தபோது வருமானமும் குறைவாகவே இருந்திருக்கும். ஆனால் சோறு போடும் குழுவைக் கலை என்று குடும்பஸ்தரிடம் சொல்ல எனக்கும் வாய் வரவில்லை.

வாத்தியாருக்கு வேறு குறை. இத்தனை ஒழுங்கு பேசியவர், உடன் வாசித்தவர்களிடம் எவ்வளவு கடுமையாக இருந்தார் என்பதை நான் மெல்ல ஒதுக்கிவிட்டதாகச் சொன்னார். ஒதுக்கவில்லை, ஆனால் அதை நியாயப்படுத்தவும் மாட்டேன். நம் பாடகர் குழுக்களிலும் அப்படிப்பட்ட வாத்தியார்கள் உண்டு, சார், என்றேன். அவர் சிரித்தார். அவரிடம் பாடியவர்கள் சிரிக்கவில்லை.

கீபோர்டு தம்பி இப்போது பதிவுக்கு முன்பே ஒரு தாளில் பாட்டின் முதல் வரி, டியூன் போட்டவர், வரி எழுதியவர், தேதி என்று நாலு விவரம் எழுதி இருவரும் கையெழுத்துப் போட்டுப் போட்டோ எடுத்துக்கொள்கிறான். பழகியவர்களிடம் இதைக் கேட்கக் கூச்சமாக இருக்கிறதாம். பேஸ் வாசிப்பவரும் கொஞ்சம் இறங்கி வந்திருக்கிறார். ஆடி மாதத்தில் வேண்டுமானால் குழுவைக் கலைத்துக்கொள்ளலாம், எப்படியும் கல்யாணம் கிடையாது என்கிறார்.